பாட்டிக்கு வந்த சாமி

எனக்குப் பத்து வயசு இருக்கும். குளுவாங் பக்கத்துத் தோட்டத்துக் கோவில் திருவிழா. உறுமி அடிக்க அடிக்கப் பாட்டிக்குச் சாமி வந்துவிட்டது. முடி அவிழ, கையில் வேப்பிலையோடு ஆடினார். பள்ளித் தோழிகள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் லயத்துக்குப் பின்னால் ஓடி, காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். "ஏன்டி ஓடுன? அம்மாதானே வந்தா" என்று பாட்டி அப்புறம் கேட்டார். நான் பதில் சொல்லவில்லை.

தோட்டம் கைமாறியதும் ஜொகூர் பாருவுக்குக் குடிவந்தோம். கோவிலும் இடம் மாறியது. குடமுழுக்கு நடந்தது. முனியாண்டி முனீஸ்வரர் ஆனார். சேவல், சாராயம், சுருட்டு எல்லாம் நின்றன. பாட்டி ஒரு ஓரமாக உட்கார்ந்து, "இங்க அம்மா வரமாட்டா" என்றார். எனக்கோ நிம்மதியாக இருந்தது.

போன வருஷம் கயானாவின் காளி மாய் பூசையைப் பற்றிப் படித்தேன். 1838 முதல் 1917 வரை அங்கே கரும்புத் தோட்டங்களுக்குப் போன இந்தியர்கள் சுமார் 2,39,000 பேர். அதில் மதராசில் கப்பலேறியவர்கள் சுமார் 15,000 பேர்தான். காலப்போக்கில் அவர்களுடைய வீடுகளில் தமிழ்ப் பேச்சு நின்றுபோனது. மற்ற இந்துக்களே அதை 'மதராசிப் பூசை' என்று முகம் சுளித்தார்கள். ஆனாலும் தப்பு, வேப்பிலை, மாரியம்மன், மதுரைவீரன் எதையும் அவர்கள் விடவில்லை. அல்பியன் ஊர்ப் பூசாரி ஜேம்சி நாயுடு அதை நோய் தீர்க்கும் வழிபாடாகச் சீரமைத்தார். 1970களில் அது டிரினிடாடிலும் மறுபடி தழைத்தது. ஆப்பிரிக்க வழிவந்த ஒரிஷா வழிபாடும் உள்ள தீவு அது. அதிலும் மேளம் உண்டு, சாமியாட்டம் உண்டு, அதற்கும் அதே ஏளனம். ஒளித்துக் கும்பிட்ட அந்த வழிபாட்டின் திருமணங்களை 1999இல் சட்டமே ஏற்றுக்கொண்டது.

தமிழை இழந்தவர்கள் அம்மாவைக் காப்பாற்றி வைத்திருந்தார்கள். தமிழில் கட்டுரை எழுதுகிற நான்தான் அவளுக்கு வெட்கப்பட்டேன்.

பாட்டி இப்போது இல்லை. அண்ணன் மகன் ஒரு உறுமி மேளக் குழுவில் சேர்ந்திருக்கிறான். கைபேசியில் பழைய அடிகளைத் தேடித் தேடிப் பழகுகிறான். போன வாரம் உறுமியை மடியில் வைத்துக்கொண்டு கேட்டான்:

"அத்தை, பாட்டிக்கு எந்த அடிக்குச் சாமி வரும்? நீங்க பக்கத்துல இருந்து கேட்டிருப்பீங்கல்ல?"