பத்மினியில் ஒரு திங்கட்கிழமை

மும்பையில் பல்லாண்டுகள் குடியிருந்தும் தாராவி, மாட்டுங்கா, ரயில் நிலையம் ஆகியவற்றுக்கு அப்பால் நகரை அறியாதவரா நீங்கள்? நானும் அவ்விதமே இருந்தேன்.

குர்லாவில் உற்பத்தியாகி, பலரும் ஃபியட் என்றே அழைத்த பிரீமியர் பத்மினி டாக்சிகள், இருபது ஆண்டு வயது வரம்பினால் 2023 அக்டோபர் 30 முதல் ஓடுவதில்லை. முப்பது ஆண்டுகள் அதனை ஓட்டிய நெல்லை அண்ணாச்சி ஒருவர், நண்பரின் சொந்தப் பத்மினியை இரவல் வாங்கி வந்து, "நீங்களே ஓட்டுங்க ஐயா, வழி நான் சொல்லுதேன்" என்றார். கியர்த் தண்டு ஸ்டீயரிங்கின் பக்கத்திலேயே இருந்தது. வண்டியைத் திருப்புவதற்குத் தோள்பலம் வேண்டும். வேகமும் இல்லை; ஆகவே பார்க்க நேரம் கிடைத்தது!

கிர்காவில் கோத்தாச்சிவாடியின் முகப்பில் வண்டியை நிறுத்தி நடந்தோம். மரத்தாலான மாடங்களும் வெளிப்புறப் படிகளும் உடைய வீடுகள். முன்பு அறுபத்தைந்து இருந்தனவாம். இன்று பாதிகூட இல்லை.

அடுத்து மஜ்காவ் பகுதியின் மாதர்பகாடி. திலகரின் தோழரும் 1925இல் நகர மேயருமான ஜோசப் பாப்டிஸ்டாவின் ஊர் அது. மேட்டில் இருமுறை எஞ்சினை அணைத்துவிட்டேன். அண்ணாச்சி சிரிக்கவில்லை. ஒரு சுவரோரம் நிறுத்தச் சொன்னார். ஊரிலிருந்து வந்த புதிதில், வாடகைக்கு அறை எடுக்க வழியின்றி, இரண்டு மழைக்காலம் அங்கேதான் டாக்சியின் பின் இருக்கையில் உறங்கினாராம். தம் பிள்ளைகளிடம்கூட இதைச் சொன்னதில்லை என்றார்.

பின்பு இறங்கி, பின் இருக்கையில் ஏறிக் கால்களை மடக்கிக்கொண்டு, கதவைச் சாத்திக்கொண்டார்.