விருத்தாசலம் டு சேப்பாக்கம்: அஸ்வினின் சுழலுக்குப் பின்னால் இருக்கும் மண்!

சென்னையிலிருந்து திருச்சி போகும் ரயில் விழுப்புரம் தாண்டி வந்து நிற்கும் பெரிய சந்திப்பு விருத்தாசலம். சேலத்துக்கு ஒரு பாதை, கடலூருக்கு ஒரு பாதை எனத் தண்டவாளங்கள் பிரிவது இங்கேதான். ஊருக்கு இரண்டு அடையாளங்கள். ஒன்று பழமலைநாதர் கோயில், இன்னொன்று பீங்கான்.

கொலு பொம்மை, அகல் விளக்கு, டீ கப், மின்சார ப்யூஸ் கட்டை என்று வீட்டில் நாம் கவனிக்காமலே பயன்படுத்தும் பல பொருட்கள் இந்த ஊர்ச் சூளைகளில் வெந்து வந்தவை. செராமிக் தொழிற்பேட்டையும், இந்தத் தொழிலைக் கற்றுத்தர அரசு நிறுவனமும் இங்கே உண்டு. பக்கத்து நெய்வேலியில் நிலக்கரிக்காகத் தோண்டியபோது கிடைத்த களிமண், இந்தத் தொழில் இங்கே வேர்பிடிக்க ஒரு முக்கியக் காரணம்.

சரி, பீங்கான் ஊருக்கும் சுழற்பந்து வீச்சாளர் ரவிச்சந்திரன் அஸ்வினுக்கும் என்ன சம்பந்தம்? அஸ்வின் சென்னைக்காரர். ஆனால், அவருடைய கிரிக்கெட் வாழ்க்கையைத் தூக்கி நிறுத்தியதும், சில சமயம் அவரை வெளியே உட்கார வைத்ததும் களிமண்தான். அந்தக் களிமண்ணின் குணத்தைத் தெரிந்துகொள்ள விருத்தாசலத்தை விடப் பொருத்தமான ஊர் இல்லை.

விரிசலுக்குப் பயப்படுபவரும், காத்திருப்பவரும்

அச்சில் வார்த்த பொம்மையை யாரும் நேராகச் சூளையில் வைப்பதில்லை. முதலில் நிழலில் நிதானமாகக் காய வேண்டும். வெயிலில் வைத்தால் வெளிப்பக்கம் சீக்கிரம் காய்ந்து சுருங்கும், உள்ளே ஈரம் நிற்கும். இந்த இழுபறியில் பொம்மை விரிசல் விட்டுவிடும்.

கிரிக்கெட் ஆடுகளமும் இப்படித்தான். 22 கெஜ நீளத்துக்குக் களிமண் நிறைந்த மண்ணைப் பரப்பி, தண்ணீர் விட்டு, ரோலர் உருட்டி இறுக்குகிறார்கள். டெஸ்ட் போட்டியின் ஐந்து நாளும் அது வெயிலில் காய்கிறது. ஈரம் போகப் போக மண் சுருங்கி விரிசல் விடுகிறது. மேற்பரப்பு பொடிந்து புழுதி கிளம்புகிறது. பொம்மை செய்பவர் எந்த விரிசலுக்குப் பயப்படுகிறாரோ, அதே விரிசலுக்காகத்தான் சுழற்பந்து வீச்சாளர் நான்காம் நாள்வரை காத்திருக்கிறார்.

மண்ணிலும் ரகம் உண்டு. கரிசல் மண் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும். அதில் பந்து மெதுவாக வரும், தாழ்வாக எழும்பும். செம்மண் சீக்கிரம் காயும். அதில் பந்து நன்றாக எழும்பி, வேகமாகத் திரும்பும். சேப்பாக்கத்தில் இரண்டு வகை ஆடுகளமும் உண்டு. எந்தப் போட்டிக்கு எது என்பதைப் பொறுத்தே ஆட்டம் மாறும்.

ஆற்றில் போட்டார், குளத்தில் எடுத்தார்

மேற்கு மாம்பலம் தெருக்களில் டென்னிஸ் பந்தில் ஆடி வளர்ந்தவர் அஸ்வின். தெருவில் களிமண் ஆடுகளம் ஏது? டென்னிஸ் பந்தில் தோல் பந்தின் தையலும் கிடையாது. மண் கைகொடுக்காத இடத்தில் விரல்தான் எல்லா வேலையும் செய்ய வேண்டும். கட்டை விரலுக்கும் மடக்கிய நடு விரலுக்கும் நடுவில் பந்தை அழுத்தி, கேரம் காயைச் சுண்டுவது போலச் சுண்டும் ‘சொடுக்குப் பந்து’ அவருக்கு அறிமுகமானது தெருவில்தான். உலகம் அதை ‘கேரம் பால்’ என்று சொல்கிறது. வழக்கமான ஆஃப் ஸ்பின் வலது கை பேட்ஸ்மேனை நோக்கி உள்ளே வரும். இது நேராகப் போகும், அல்லது வெளியே விலகும். கையைப் பார்த்துக் கண்டுபிடிக்காவிட்டால் அவுட்!

‘ஆற்றில் போட்டுவிட்டுக் குளத்தில் தேடுவது’ என்ற பழமொழிக்கு விருத்தாசலத்தில் ஒரு கதை சொல்வார்கள். பழமலைநாதர் தந்த 12,000 பொற்காசுகளைச் சுந்தரர் இங்கே மணிமுத்தாற்றில் போட்டு, திருவாரூர் கமலாலயக் குளத்தில் எடுத்தாராம். அஸ்வின் கதையும் ஏறக்குறைய அதுதான். மாம்பலம் தெருவில் போட்டதைச் சில கிலோமீட்டர் தள்ளி சேப்பாக்கத்தில் எடுத்தார்.

தகவல் தொழில்நுட்பத்தில் பொறியியல் முடித்த அவர், 2011 நவம்பரில் டெல்லியில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிரான முதல் டெஸ்ட்டிலேயே 9 விக்கெட் எடுத்தார். சொந்த ஊர் மைதானத்தில் 2013 பிப்ரவரியில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக 12 விக்கெட். 2021 பிப்ரவரியில் அதே மைதானத்தில் இங்கிலாந்திடம் முதல் டெஸ்ட்டை இந்தியா 227 ரன்களில் தோற்றது. அடுத்த டெஸ்ட்டில் அஸ்வின் 8 விக்கெட்டோடு 106 ரன்னும் அடிக்க, இந்தியா 317 ரன்களில் வென்றது. 2024 செப்டம்பரில், 38 வயதில், பங்களாதேஷுக்கு எதிராகச் செம்மண் ஆடுகளத்தில் இந்தியா 6 விக்கெட்டுக்கு 144 ரன் என்று தவித்தபோது இறங்கி 113 ரன் எடுத்தார். இரண்டாவது இன்னிங்ஸில் 88 ரன் கொடுத்து 6 விக்கெட்.

ஊர் மாறினால் மண் மாறும்

மொத்தம் 106 டெஸ்ட், 537 விக்கெட். இதில் 383 இந்திய மண்ணில் எடுத்தவை. இந்தக் கணக்கில் பெருமையும் இருக்கிறது, வலியும் இருக்கிறது.

இங்கிலாந்திலும் ஆஸ்திரேலியாவிலும் பல ஆடுகளங்கள் வேகப்பந்துக்கே சாதகம். ஒரே ஒரு சுழற்பந்து வீச்சாளர் போதும் என்று முடிவெடுத்தால், பேட்டிங்கையும் கணக்கில் வைத்து ரவீந்திர ஜடேஜா பக்கம் தேர்வு சாயும். 2021-ல் இங்கிலாந்தில் நடந்த நான்கு டெஸ்ட்டிலும் அஸ்வினுக்கு இடமில்லை. 2023 உலக டெஸ்ட் சாம்பியன்ஷிப் இறுதிப் போட்டியிலும் அவர் வெளியேதான் இருந்தார்.

அதற்காக வெளிநாட்டில் அவர் சோடை போனார் என்று சொல்லிவிட முடியாது. 2021 ஜனவரி, சிட்னி. முதுகு வலியில் குனிய முடியாத நிலை. எதிர்முனையில் தொடைத் தசை பிடித்துக்கொண்ட ஹனுமா விஹாரி. அஸ்வின் 128 பந்துகளைச் சந்தித்து 39 ரன்களுடன் கடைசிவரை நின்று போட்டியை டிரா செய்தார். பந்தால் அல்ல, மட்டையால் அணியைக் காப்பாற்றினார். 2024 டிசம்பர் 18 அன்று, தான் ஆடாத பிரிஸ்பேன் டெஸ்ட் முடிந்த கையோடு ஓய்வை அறிவித்தார்.

பழமலைநாதர் கோயிலில் எல்லாமே ஐந்து என்பது ஐதிகம். ஐந்து கோபுரம், ஐந்து பிரகாரம், ஐந்து தீர்த்தம், ஐந்து நந்தி. ஐந்து விக்கெட் கணக்கில் அஸ்வினும் சளைத்தவர் இல்லை. டெஸ்ட்டில் 37 முறை ஓர் இன்னிங்ஸில் ஐந்து அல்லது அதற்கு மேல் எடுத்திருக்கிறார்.

நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு?

சிறு நகரங்களில் பெரும்பாலும் சிமென்ட் தரை மேல் விரித்த மேட்டில்தான் ஆட்டம், இல்லையென்றால் வெறும் பொட்டல். ஐந்து நாள் காய்ந்து மாறும் களிமண் ஆடுகளத்தைப் பல பிள்ளைகள் டி.வி.யில்தான் பார்க்கிறார்கள். சொடுக்கத் தெரிந்த விரல்கள் எல்லாத் தெருவிலும் உண்டு. அந்த விரல்கள் பழக ஒரு மண் ஆடுகளம் பக்கத்தில் இருக்க வேண்டும். அஸ்வினுக்குத் தெருவும் சேப்பாக்கமும் ஒரே ஊரில் இருந்தன. விருத்தாசலத்துப் பையனுக்கு சேப்பாக்கம் சுமார் மூன்று மணி நேர ரயில் தூரம்.

போகிறவர்கள் கவனத்துக்கு

காலையில் கோயில். ஆழத்துப் பிள்ளையாரைப் பார்க்கப் படி இறங்க வேண்டும், பெரியவர்கள் நிதானமாக இறங்குவது நல்லது. பிறகு பீங்கான் கடைகள். கப் வாங்கினால் அடிப்பாகத்தைத் திருப்பிப் பாருங்கள். சூளையில் ஒட்டிக்கொள்ளக் கூடாது என்பதற்காக மெருகு பூசாமல் விட்ட ஒரு வளையம் தெரியும். மெருகுப் பக்கம் விரலை ஓட்டினால் வழுக்கும். அந்த வளையத்தில் ஓட்டினால் சொரசொரவென்று பிடிக்கும். அந்தப் பிடிமானம் கிடைத்தால்தான் தரையில் விழுந்த பந்தும் திரும்பும்.