இரு வகை ஒப்புமை

‘ஒத்த’ என்னும் நம் சொல் பல பொருள்களைச் சுமக்கின்றது. தமிழ்வழி உயிரியல் பயிலும் நம் பிள்ளைகள் தடுமாறுவது அங்கேதான்.

“நீலம் மாவின் ஒட்டுக்கன்று தாயை ஒத்ததெனில், கொட்டையும் அதே கனியைத் தரவேண்டுமன்றோ?” எனச் சின்ன காஞ்சிபுரத்து நெசவாளர் இல்லத்து மாணவன் ஒருவன் நம்மிடம் வினவினான். அவன் வீட்டுத் தறியைக் கொண்டே விடை பகர்ந்தோம்.

பட்டுச் சேலையின் இரு கரைகளும் ஒரே நிறமாயிருக்கலாம். வேறு வேறாயின் அது கங்கா ஜமுனா. உயிர்களிலும் தாய்வழி ஒன்றும் தந்தைவழி ஒன்றுமாக மரபணுக்கள் இணையாக அமைகின்றன. இணை ஒத்திருப்பின் ஹோமோசைகஸ், வேறுபடின் ஹெட்டிரோசைகஸ். 1902-இல் பேட்சன் வழங்கிய சொற்கள் இவை. இஃது ஓர் உயிருக்குள்ளேயே காணும் ஒப்புமை.

ஒரே ஜக்கார்டு அட்டையில், ஒரே நிறங்களில் பத்துச் சேலை நெய்தால் பத்தும் ஒன்றே. அதுவே குளோன். சிறுகிளையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லினின்று 1903-இல் வெப்பர் ஆக்கிய பெயர். இஃது உயிருக்கும் உயிருக்கும் இடையேயுள்ள ஒப்புமை.

கங்கா ஜமுனாச் சேலைகள் பத்தும் ஒன்றுபோலிருப்பினும், ஒவ்வொன்றிலும் இரு கரைகள் வேறுதாமே! ஒட்டுமாவும் அத்தகையதே. மரத்துக்கு மரம் மாற்றமில்லை. மரத்தினுள் மரபணு இணைகள் பல மாறுபட்டவை. வித்து உருவாகுங்கால் அவ்விணைகள் பிரிந்து, பிறிதொரு மரத்தின் மகரந்தத்தோடு புதிதாய்க் கூடுகின்றன. ஆதலின் நீலத்தின் கொட்டையை நட்டுப் பல்லாண்டு காத்திருப்போர்க்கு வேறு கனியே வாய்க்கின்றது.

முன்னதை ‘ஒத்த இணை’ என்றும், பின்னதை ‘நகல்’ என்றும் பிரித்துச் சொல்லிப் பழக்குவோம். தாய்மொழிக் கல்வி நம் பிள்ளைகட்குத் தடையாகாது.