தெருவை மறவாத தலைவர்

பிழைப்பை நாடி ஊர்விட்டு ஊர் வந்த நமக்கு, வீடு என்பது நான்கு சுவர்கள் மட்டும் அன்று. நள்ளிரவில் தட்டினாலும் கதவைத் திறக்கும் அண்டை வீட்டாரையும் சேர்த்தே நாம் வீடு என்கிறோம். வாடகை வீட்டைக் காலிசெய்து தட்டுமுட்டுச் சாமான்களை வண்டியில் ஏற்றிய நாள்களிலெல்லாம், அவர்களைப் பிரிவதே நமக்குப் பேரிழப்பாகத் தோன்றியது. அதனாலேதான், அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் வாழ்ந்த கறுப்பினத் தலைவர் மெல் கிங்கின் வாழ்க்கை நம் நெஞ்சைத் தொடுகின்றது.

அவர் 1928ஆம் ஆண்டில் அந்நகரின் சவுத் எண்ட் பகுதியில் பிறந்தார். தாயார் கயானா நாட்டவர். தந்தையார் பார்படோஸ் தீவினர். பல இனத்து எளிய மக்கள் கலந்து வாழ்ந்த தெருக்களிலே அவர் வளர்ந்தார். தென் கரோலினாவின் கிளாஃப்ளின் கல்லூரியில் கணிதம் பயின்று 1950இல் பட்டம் பெற்றார். ஊர் திரும்பி ஆசிரியராகவும், பின்னர் இளைஞர்களிடையே தொண்டராகவும் பணியாற்றினார். அந்த ஐம்பதுகளிலேயே, அவர் வளர்ந்த தெருக்களுக்குச் 'சேரி' என்று பெயர் சூட்டிய நகர ஆட்சி, அவற்றை அடியோடு இடித்துத் தள்ளியது. குடியிருந்தோர் திசைக்கொருவராய்ச் சிதறினர்.

கல்விக் குழுத் தேர்தலில் 1961, 1963, 1965 ஆகிய ஆண்டுகளில் நின்று மும்முறையும் தோற்றார். தோல்வி அவரை வீட்டில் முடக்கவில்லை. 1968 ஏப்ரலில், குடியிருப்புகளை இடித்து வண்டி நிறுத்துமிடமாக்கிய ஒரு மனையில், அவரும் அப்பகுதி மக்களும் கூடாரமடித்து அமர்ந்தனர். வண்டிக்குக் கிடைத்த இடம் மனிதனுக்குக் கிடைக்கலாகாதா என்பதே அப்போராட்டத்தின் உட்பொருள். அவர் கைதானார். சில நாள்களில் கூடாரங்கள் அகன்றன, கோரிக்கை அகலவில்லை.

1972 தேர்தலில் வென்று, 1973 முதல் 1982 வரை மாசசூசெட்ஸ் மாநிலச் சட்டமன்றத்தில் உறுப்பினராக இருந்தார். மன்றத்திலும் அவர் எளியவர் பக்கமே நின்றார். தென்னாப்பிரிக்க நிறவெறி ஆட்சியோடு தொடர்புடைய நிறுவனங்களில் மாநில ஊழியரின் ஓய்வூதிய நிதியை முதலீடு செய்யலாகாது என்னும் சட்டத்திற்காக அவர் உழைத்தார். ஆளுநர் இசைய மறுத்தும், 1983 ஜனவரியில் அது நிறைவேறியது. அதே ஆண்டில் நகரத் தந்தை பதவிக்கான இறுதிச் சுற்றை எட்டினார். பாஸ்டனில் அதுவரை எந்தக் கறுப்பினத்தவரும் எட்டாத நிலை அது. அதிலும் வெற்றி கிட்டவில்லை.

ஆனால் 1988இல், அன்று கூடாரம் அடித்த அதே மனையில் 269 வீடுகள் கொண்ட குடியிருப்பு எழுந்தது. அவற்றில் பெரும்பகுதி ஏழை, நடுத்தரக் குடும்பங்களுக்கு உரியவை. அதன் பெயரே 'டென்ட் சிட்டி', அதாவது கூடார நகரம்!

கோட்டைக்குப் போனவர் தெருவை மறந்த கதைகள் நமக்குப் புதியன அல்ல. இவரோ சவுத் எண்டைவிட்டு அகலவில்லை. ஞாயிறுதோறும் தம் இல்லத்திற்கு வந்தவர்க்கெல்லாம் உணவிட்டு உரையாடினார். 2023இல், 94ஆம் வயதில் அவர் மறைந்தார். இருபது ஆண்டுகள் காத்திருந்து ஒரு மனையை மக்களுக்கு மீட்டுத் தந்த அப்பெரியாரை நினைக்குந்தோறும், நம் அண்டை வீட்டுக் கதவை நாம் கடைசியாகத் தட்டியது என்று என எண்ணிப் பார்க்கின்றோம்.