நலங்கு மாவும் கொஞ்சம் மஞ்சளும்

சோப்பு வருவதற்கு முன் நம் வீடுகளில் எதைத் தேய்த்துக் குளித்தார்கள்? பயத்தமாவும் மஞ்சளும்தான். கல்யாணத்தில் நலங்கு வைக்கும்போது பூசுவதால் அதற்கு நலங்கு மாவு என்றே பெயர்.

செய்வது சுலபம். பச்சைப்பயறு கால் கிலோ, கடலைப்பருப்பு 100 கிராம், கஸ்தூரி மஞ்சள் 50 கிராம், பூலாங்கிழங்கு, ஆவாரம்பூ, காய்ந்த ரோஜா இதழ் தலா 25 கிராம். இரண்டு நாள் வெயிலில் காய வைத்து மில்லில் கொடுத்து அரைக்க வேண்டும். அதற்கு முன் அந்த மிஷினில் மிளகாய் அரைத்தார்களா என்று கேட்டுக்கொள்வது நல்லது. இல்லையென்றால் முகம் எரியும்!

அரைத்ததைச் சலித்தால் நைசான மாவு முகத்துக்கு. சல்லடையில் தங்கும் குருணை முழங்கை, முழங்கால், குதிகாலுக்கு. குளிக்கும்போது இரண்டு ஸ்பூன் எடுத்துத் தயிரிலோ தண்ணீரிலோ குழைத்து, ஈர உடம்பில் மெதுவாகத் தேய்த்துக் கழுவினால் போதும். காய்ந்து விரியும்வரை விடக்கூடாது. பரு உள்ள இடத்தில் அழுத்தித் தேய்க்கவும் கூடாது.

சமையல் மஞ்சளைப் போட்டால் முகம் இரண்டு நாளைக்கு மஞ்சளாகவே இருக்கும். கஸ்தூரி மஞ்சள் அவ்வளவாகக் கறை பிடிக்காது. மஞ்சள் பூசிய துண்டில் சோப்பு பட்டால் சிவப்பாவதைப் பார்த்திருப்பீர்கள். சோப்பு காரம், அதனால்தான். சுண்ணாம்பு சேர்த்தால் ஆரத்தி சிவப்பதும் இதே கதைதான்.

கண்ணைப் பறிக்கும் மஞ்சள் தூளை நம்ப வேண்டாம். நிறத்துக்காக ஈயம் உள்ள லெட் குரோமேட் கலப்பதுண்டு. முழு மஞ்சளாக வாங்கி அரைப்பது மேல். 'இயற்கைதானே' என்று அலட்சியமும் வேண்டாம். மஞ்சள் ஒத்துக்கொள்ளாதவர்களும் இருக்கிறார்கள். முதலில் முன்கையில் கொஞ்சம் தடவி ஒரு நாள் பார்க்க வேண்டும். அரித்தாலோ சிவந்தாலோ விட்டுவிட வேண்டும்.

மஞ்சள் புண்ணை ஆற்றும் என்பதற்கு 1995-ல் அமெரிக்காவில் காப்புரிமையே கொடுத்துவிட்டார்கள். இது எங்கள் பாட்டிகளுக்கே தெரியும் என்று இந்தியா பழைய நூல்களைக் காட்டி வாதாடியதால் 1997-ல் அது ரத்தானது.

ஆனால் அதே பாட்டிகள் சொல்லும் ஒன்றை மட்டும் நம்ப முடியாது. பெண் பார்க்க வருகிறார்கள் என்றால், 'நல்லா தேய்ச்சுக் குளிடி, கலர் வரும்' என்பார்கள். வராது. அழுக்கும் எண்ணெய்ப் பிசுக்கும்தான் போகும். தோலின் நிறம் மெலனின் தருவது, அது அழுக்கல்ல. நிறம் மாறவில்லையே என்று தோல் எரியும்வரை தேய்த்துக்கொள்ளும் பெண்களுக்கு இதை யாராவது சொல்ல வேண்டும். நலங்கு மாவு குளிப்பதற்கு. வெளுப்பதற்கு அல்ல.