ஒன்பது நிமிஷங்கள்

எங்கள் ஊர்ப் புகைவண்டி நிலையத்திற்குக் கொடைரோடு என்று பெயர். ஊரின் பழம்பெயர் அம்மையநாயக்கனூர். முன்னாளில் நிலையமும் அப்பெயரையே தாங்கி நின்றது. கொடைக்கானல் மலைக்குச் செல்வோர் இறங்குமிடமாதலின் பெயர் மாறிற்று. இறங்குகிறவர்கள் மேற்கே மலையை நோக்கி விரைவார்களேயன்றிச் சமவெளியாகிய எங்கள் ஊரை ஏறிட்டும் பாரார்கள். அதுபற்றி எங்களுக்குப் பெரிய வருத்தமில்லை.

என் பாட்டனாரின் பாட்டனார் இந்நிலையத்தில் மூட்டை சுமந்தவர். அவர் சொன்னதாக ஒரு கதை எங்கள் வீட்டில் வழங்கி வருகிறது. அக்காலத்தில் புகைவண்டிகள் சென்னை நேரப்படி ஓடின. நுங்கம்பாக்கத்தில் 1792-ஆம் ஆண்டில் எழுந்த வானாராய்ச்சி நிலையத்தை ஒட்டிய நேரம் அது. கிரீன்விச் நேரத்திற்கு ஏறக்குறைய 5 மணி 21 நிமிஷம் முற்பட்டது. பின்னர் நாடு முழுமைக்கும் ஒரே நேரம் வேண்டுமென்று 82½ பாகைத் தீர்க்கரேகையைக் கொண்டு 5½ மணி என வகுத்தார்கள். 1906 முதல் அரசாங்கம் அதனையே மேற்கொண்டது. இம்மாற்றத்தால் எங்கள் நிலையத்துக் கடிகார முள்ளையும் ஒன்பது நிமிஷம் முன்னே தள்ள வேண்டியதாயிற்று. "அந்த ஒன்பது நிமிஷத்தில் ஒரு பிள்ளை பிறக்கவில்லை, ஒரு கிழவன் சாகவில்லை, ஒரு வண்டி வரவில்லை, அது எங்கே போயிற்று என்று ஒருவரும் கேட்கவுமில்லை" என்று பாட்டனார் முடிப்பார்.

ஒருவரும் கேளாததை நான் கேட்டேன். எனக்கு நான்கு வயதாயிருக்கையில் என் தாயார் நோயுற்று, இதே நடைமேடையில் வண்டியேறி மதுரை மருத்துவமனைக்குச் சென்றார், திரும்பி வரவில்லை. அந்நாளைப் பற்றிய நினைவு என்னிடத்தில் எள்ளளவும் இல்லை. எவரோ பலகையைத் துடைத்ததுபோல் அவ்விடம் வெறுமையாயிருந்தது. ஆகவே, காணாமற்போன ஒன்பது நிமிஷமும் எங்கோ ஒரு நாடாக இருக்கிறதென்றும், என்னிடமிருந்து அழிந்த அந்நாளும் அங்கேதான் சென்று சேர்ந்திருக்கிறதென்றும் நானே கற்பித்துக்கொண்டேன்.

அந்நாட்டிற்கும் ஒரு நிலையமுண்டு. கடிகாரமுண்டு, முட்கள் இல்லை. 'நேரமாயிற்று' என்னும் சொல்லை அங்கே எவரும் உச்சரிக்கலாகாது. அஃது அந்நாட்டுச் சட்டம். இரவுதோறும் அதற்கு ஏதேனும் ஒன்று சேர்ப்பேன். ஒருநாள் ஓர் ஆலமரம், ஒருநாள் நீர்க்குழாய், ஒருநாள் கூடை நிறையப் பன்னீர்த் திராட்சை. விடைபெறுகிறவர்கள் விடைபெற்றபடியே நிற்பார்கள். என் தாயார் சன்னலருகே அமர்ந்து கையசைத்துக்கொண்டே இருப்பார். வண்டி மட்டும் புறப்படாது. பள்ளி நோட்டுப் புத்தகமொன்றில் இவற்றையெல்லாம் எழுதியும் வைத்தேன்.

ஞாயிறு பள்ளியில் எசேக்கியா ராஜாவின் சரித்திரத்தைப் படித்தபோது எனக்குச் சினம் மூண்டது. மரணத்துக்கேதுவான வியாதியில் அவன் அழுது ஜெபித்தான். ஆண்டவர் அவனுக்குப் பதினைந்து ஆண்டு கூட்டிக் கொடுத்தார். அடையாளமாகச் சூரிய கடிகாரத்தின் நிழல் பத்துப் பாகை பின்னிட்டது. எங்கள் வீட்டிலும் அழுது ஜெபித்தார்களே என்று ஆசிரியையிடம் கேட்டேன். அவர் விடை சொல்லாமல் என் தலையைத் தடவினார். இன்றுவரை அதனினும் நல்ல விடையை நான் கேட்டதில்லை. ஆயினும் அஃது எனக்குப் போதவில்லை என்பதையும் மறைப்பதற்கில்லை.

கல்லூரிக்கு வந்தபின் கணக்கைப் போட்டுப் பார்த்தேன். எங்கள் ஊர் சென்னைக்கு மேற்கே ஏறத்தாழ 2⅓ பாகை தள்ளியிருப்பதால், சென்னை நேரமே எங்கள் ஊர்ச் சூரியனுக்கு ஒன்பது நிமிஷம் முந்தியது. எனவே முதலில் ஒன்பது, பின்னும் ஒன்பது. இருமுறை இழந்தோம் என்பது பாட்டனார்க்கும் தெரியாத செய்தி. பிறர் இழந்ததை நோக்க இது சிறிது. இங்கிலாந்தில் 1752-ஆம் ஆண்டு செப்டம்பர் 2-ஆம் தேதிக்கு மறுநாள் 14-ஆம் தேதியாயிற்று. சமோவாத் தீவில் 2011 டிசம்பர் 29, வியாழனுக்குப் பின் 31, சனி விடிந்தது. இரண்டாம் உலகப்போரின்போது 1942 முதல் 1945 வரை நம் நாட்டிலும் கடிகாரத்தை ஒரு மணி முன்னே வைத்திருந்தார்கள்; அந்த மணியை மட்டும் போர் முடிந்ததும் திருப்பித் தந்துவிட்டார்கள். எங்கும் எண்கள் தாவினவேயன்றிச் சூரியன் ஒரு கணமும் தவறவில்லை. நிமிஷம் ஒன்றும் அழியவில்லை என்று அறிவு ஒப்பிற்று. அந்நாட்டைக் கலைத்துவிட மனம் ஒப்பவில்லை.

சென்ற கிறிஸ்துமஸ் விடுமுறையில் இதை அத்தையிடம் சொன்னேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தவர் முறத்தைக் கீழே வைத்தார்.

"நீ எங்கே ராசா பார்த்தாய்? உன் தாத்தா தோளில் அன்று தூங்கிக்கொண்டிருந்தாய். எழுப்பட்டுமா என்று நான்தான் கேட்டேன். 'வேண்டாம் மதினி, விழித்தால் அழுவான்' என்று உன் அம்மா சொல்லிவிட்டாள்."

ஆகவே அழிவதற்கு அங்கே நினைவென்று ஒன்று இருந்ததேயில்லை. பதினைந்து ஆண்டு நான் தேடியது ஓர் உறக்கத்தை. கையசைத்தாரா என்றாவது தெரிந்துகொள்ளலாமென்று கேட்டேன்.

"கையை எங்கே அசைக்க? சன்னல் கம்பிக்கு வெளியே கையை நீட்டி உன் காலைப் பிடித்துக்கொண்டிருந்தாள். வண்டி நகர்ந்த பிறகுதான் விட்டாள்."

எந்தக் கால் என்று நான் கேட்கவில்லை. அத்தை மறுபடியும் முறத்தை எடுத்துக்கொண்டார்.