மீட்டர் சொன்ன பொய்

தராசு தப்பாக நிறுக்கும் என்றால் நம்புகிறோம். கடிகாரம் பிந்தி ஓடும் என்றால் அதைக் கட்டியிருப்பவரே ஒப்புக்கொள்கிறார். ஆனால் வாசற்புறத்துப் பெட்டிக்குள் கொலுவீற்றிருக்கும் மின்சார மீட்டர் மட்டும் அரிச்சந்திரன் வம்சம் என்றே நாம் வெகுகாலமாக எண்ணியிருந்தோம். அந்த எண்ணத்தினால் நாம் செய்த பிழையை நேயர்களிடம் ஒப்புக்கொள்வதற்கே இதை எழுதுகிறோம்.

கோடைக் காலம். இரண்டு மாதத்துக்கு 340 யூனிட்டைத் தாண்டாத நமது வீட்டுக் கணக்கில் ஒரு தடவை 530 யூனிட் என்று பதிவாகியிருந்தது. யூனிட் ஒன்றரை மடங்கு. தொகையோ இரண்டு மடங்குக்கும் மேல்! உபயோகம் ஏற ஏறக் கட்டண விகிதமும் ஏறுவது தமிழ்நாட்டு முறையல்லவா?

உடனே கூடத்தில் விசாரணை தொடங்கியது. பையன் தன் கம்ப்யூட்டருக்காக வாதாடினான். வீட்டு எஜமானி துணி துவைக்கும் இயந்திரத்துக்காகச் சாட்சி சொன்னாள். வாதாடத் தெரியாதவர் பாட்டியார் ஒருவரே. "பாட்டியின் அறையில் விசிறி ஓயாமல் ஓடுகிறதே!" என்று தீர்ப்பும் கூறிவிட்டோம். பாட்டியார் ஒன்றும் பேசவில்லை. அன்றிரவு முதல் அந்த அறையில் விசிறி ஓடவில்லை. எண்பது வயதில், சித்திரைப் புழுக்கத்தில், பனையோலை விசிறியை ஆட்டியபடி படுத்திருந்தார். அந்தச் சத்தம் நம் காதில் விழத்தான் செய்தது. விழுந்தும் பேசாமலிருந்தோம்.

பத்து நாள் கழித்து மீட்டரைப் பார்த்தோம். விசிறி நின்றும் எண்களின் வேகம் அவ்வளவாகக் குறையவில்லை. அப்போதுதான் காகிதமும் பென்சிலும் எடுக்கத் தோன்றிற்று. சாதாரண விசிறி 75 வாட் இழுக்கும். இரவு பகலாக 60 நாள் ஓடினாலும் 108 யூனிட்தான். கூடியிருந்ததோ 190! பழி சுமத்துமுன் போட வேண்டிய கணக்கைப் பின்னால் போட்டோம்.

பிறகு மீட்டரையே பரீட்சை செய்தோம். மெயின் ஸ்விட்சை அணைத்ததும் அதன் சிவப்பு விளக்கு சிமிட்டுவதை நிறுத்திவிட்டது. ஆகவே வீட்டினுள் மின்சாரம் எதுவும் உபயோகமாகாதபோது மீட்டர் தானாக ஓடவில்லை. பிறகு மற்ற எல்லாவற்றையும் நிறுத்தி, பழைய 100 வாட் பல்பு ஒன்றை மட்டும் எரியவிட்டோம். யூனிட்டுக்கு 3200 சிமிட்டல் என்று மீட்டரின் முகத்திலேயே எழுதியிருந்தது. அப்படியானால் ஆறு நிமிஷத்தில் சுமார் 32 சிமிட்டல் வர வேண்டும். நாம் எண்ணியது 50!

அலுவலகத்தில், "மீட்டரில் பழுது இராது, ஸார்" என்றார்கள். முன்பு நாமும் அப்படித்தான் நம்பினோம் என்பதால் கோபம் வரவில்லை. எழுத்து மூலம் மனுக் கொடுத்து, பரிசோதனைக் கட்டணம் செலுத்தி, ரசீது வாங்கிக்கொண்டோம்.

மீட்டரைச் சந்தேகிப்பது குடிமகனின் பழைய உரிமை. மீட்டரின் சரி தவறு பற்றிய தகராறை மின் ஆய்வாளர் தீர்க்கலாம் என்று 1910-ஆம் வருஷத்து இந்திய மின்சாரச் சட்டமே சொல்லிற்று. இப்போதுள்ள 2003-ஆம் வருஷத்துச் சட்டத்தின் 56-ஆம் பிரிவு இன்னும் தெளிவானது. பாக்கிக்காக மின்சாரத்தைத் துண்டிப்பதானால் பதினைந்து நாள் முன்னதாக எழுத்தில் அறிவிக்க வேண்டும். தகராறு நடக்கும்போது, கேட்ட தொகை அல்லது முந்தைய ஆறு மாதச் சராசரி, இவற்றில் குறைந்ததை ஆட்சேபணையுடன் கட்டிவிட்டால் துண்டிக்கக் கூடாது. அலுவலகத்தில் நியாயம் கிடைக்காவிட்டால் நுகர்வோர் குறைதீர் மன்றம் இருக்கிறது. அதற்கும் மேலே மின் குறைதீர்ப்பாளர் இருக்கிறார். 42-ஆம் பிரிவு இவ்விரண்டுக்கும் வழி செய்திருக்கிறது. மீட்டர் பழுது என்று தெரிந்தால், முந்தைய நான்கு மாதச் சராசரியைக் கொண்டு கணக்கிட வேண்டும் என்பது தமிழ்நாட்டின் 2004-ஆம் வருஷத்து விதி.

நாம் மன்றம் வரை போக நேரவில்லை. மீட்டரைக் கழற்றிச் சோதித்தார்கள். வேகமாக ஓடியது உண்மை என்று தெரிந்தது. புது மீட்டர் வந்தது. அதிகமாகக் கட்டிய தொகை அடுத்த கணக்கில் கழிக்கப்பட்டது.

அன்று மாலை நாமே பாட்டியாரின் அறைக்குப் போய் விசிறியைச் சுழலவிட்டு, தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டோம். பாட்டியார் ஓலை விசிறியைச் சுவரோரம் சாய்த்து வைத்துவிட்டுச் சொன்னார்:

"போகட்டும், அப்பா. மீட்டரைப் பத்து நாள் சோதித்தாயே, என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். பகலெல்லாம் நான் திண்ணையில்தானே உட்கார்ந்திருக்கிறேன்?"